எல்கிப் பள்ளத்தாக்கு: திராட்சைக் கொடியும் விண்மீன் கூட்டமும்



தென் அமெரிக்கக் கண்டத்தின் மேலைக் கரையில், வாழை நார் கிழித்தாற்போல் நீண்டு கிடக்கும் நாடு சிலி. அந்நாட்டின் தலைநகராகிய சாந்தியாகோவிலிருந்து வடக்கே ஏறத்தாழ 470 கிலோமீட்டர் சென்றால் லா செரீனா என்னும் கடற்கரை நகரை அடையலாம். அங்கிருந்து கிழக்கு நோக்கி ஆண்டிஸ் மலைக்குள் புகுந்து செல்வதே எல்கி ஆற்றின் பள்ளத்தாக்கு. திராட்சை மதுவுக்கும் விண்மீன் ஆராய்ச்சிக்கும் ஒருங்கே பெயர்பெற்ற இவ்விடத்துக்கு மூன்று நாள் பயணம் ஒன்று வகுப்போமாயின், எதை, ஏன் காண வேண்டும் என்பதை அதன் வரலாறே நமக்குச் சொல்லிவிடும். மதுவைப் பற்றி வானொலியில் மாணவர்க்குப் பேசலாமா என்று சிலர் புருவம் நெரிக்கக்கூடும். குடிப்பதற்கு அழைக்கவில்லை, அறிவதற்கே அழைக்கிறேன்.

முதற்கண் நாள் பார்க்க வேண்டும். சோதிடரிடம் அன்று, பஞ்சாங்கத்தில். முழுநிலாக் காலத்தில் சென்றால் நிலவொளியில் மங்கிய மீன்கள் மறைந்துபோம். ஆகவே அமாவாசையை ஒட்டிய நாட்களே தக்கவை. திராட்சை அறுவடையைக் காண விழைவோர் பிப்ரவரி முதல் ஏப்ரல் வரையுள்ள நாட்களில் செல்வது நன்று. நிலநடுக்கோட்டுக்குத் தெற்கே 30 பாகையில் உள்ள இடமாதலின் அங்குப் பருவங்கள் தலைகீழ்; நம் கோடையில் அவர்களுக்குக் குளிர்காலம்.

முதல் நாள் லா செரீனாவுக்கு உரியது. ஸ்பானியர் 1544-இல் நிறுவிய ஊர் இது. அந்நியரை ஏற்காத பழங்குடியினர் அதனை எரித்தழிக்க, 1549-இல் மீண்டும் எழுப்பப்பட்டது. ஸ்பானியருக்கு முன்பு இங்கு வாழ்ந்தோர் தியாகீத்தா மக்கள். அவர்கள் வனைந்து வண்ணம் தீட்டிய மட்பாண்டங்களை அந்நகரின் அருங்காட்சியகத்தில் காணலாம். வென்றவர் எழுதிய ஏடுகளைப் படிப்பதற்கு முன் தோற்றவர் செய்த பானைகளைப் பார்ப்பது நல்ல வழக்கம்.

ஸ்பானியர் கொண்டுவந்தவற்றுள் நிலைத்து வேரூன்றியது திராட்சைக் கொடி. கோயில் வழிபாட்டுக்குத் திராட்சை மது இன்றியமையாததாக இருந்தமையால், அவர்கள் குடியேறிய இடமெல்லாம் கொடியும் குடியேறிற்று. எல்கியில் மழை மிக அரிது. ஆயினும் ஆண்டிஸ் மலையின் பனி உருகி ஆறாய் ஓடுகிறது. மேகமற்ற வெயிலில் கனியில் சர்க்கரை மிகுதியாக ஏறுகிறது. பழச்சாற்றைப் புளிக்கவைத்துப் பின் வாலையில் இட்டு வடித்த சாராயத்துக்குப் பிஸ்கோ என்று பெயர். மதுவைவிடச் சாராயம் அளவில் சிறியது, கெடாதது. கோவேறு கழுதையின் முதுகில் மலை கடந்து சுரங்க ஊர்களுக்குக் கொண்டுசெல்ல அதுவே வாய்ப்பாக அமைந்தது.

பிஸ்கோ என்னும் பெயர் யாருக்குரியது என்பதில் பெருவுக்கும் சிலிக்கும் நெடுநாளைய வழக்கு உண்டு. பெரு நாட்டில் பிஸ்கோ என்றே ஒரு துறைமுகம் இருக்கிறது; அவர்கள் வாதத்துக்கு அது வலிய சான்று. சிலி அரசு 1931-இல் அப்பெயரைத் தன் வடபகுதிச் சாராயத்துக்கு உரியதாகச் சட்டப்படி வரையறுத்தது. அதோடு நில்லாமல், 1936-இல் எல்கியில் லா உனியோன் என்றிருந்த ஊரைப் பிஸ்கோ எல்கி என்று பெயர் மாற்றியது. ஊரின் பெயரைச் சரக்குக்கு இடுவது உலக இயல்பு. சரக்கின் பெயரை ஊருக்கு இட்டு வழக்காடிய திறத்தை என்னென்பது!

இரண்டாம் நாள் பள்ளத்தாக்கினுள் செல்வோம். வழியில் பூக்லாரோ நீர்த்தேக்கம் தோன்றும். 1990-களின் இறுதியில் அதனைக் கட்டியபோது குவாலிகுவைக்கா என்னும் சிற்றூர் நீருள் மூழ்கியது; ஊரார் மேட்டில் புதிய ஊர் அமைத்தனர். நீல நீரைக் கண்டு மகிழ்வோர் அதனடியில் கிடக்கும் வீட்டு வாயில்களையும் சற்று நினைத்தல் வேண்டும். லா செரீனாவிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டரில் விகூனியா நகர் வரும். லூசிலா கொதோய் அல்கயாகா என்னும் பெண் குழந்தை 1889-இல் பிறந்தது இங்கேதான். உலகம் அவரைக் கபிரியேலா மிஸ்திரால் என்று அறியும்.

பள்ளி ஆசிரியனாய் வாழ்நாளைக் கழித்த நான் இவ்விடத்தில் சற்று நிற்பதைப் பொறுத்தருள்க. அவருக்கு மூன்று வயதானபோது தந்தை குடும்பத்தை விட்டகன்றார். பள்ளத்தாக்கின் மேற்பகுதியில் மோந்தேகிராந்தே என்னும் சிற்றூரில், ஆசிரியையாக இருந்த மூத்த சகோதரி எமெலினா அவருக்கு எழுத்தறிவித்தார். பள்ளியும் அஞ்சலகமும் வீடும் ஒரே கட்டடம். இன்று அது அருங்காட்சியகம். விகூனியாவில் உயர்வகுப்புக்கு அனுப்பப்பட்டபோது பள்ளியின் காகிதத்தைத் திருடினாள் என்று பழி சுமத்தப்பட்டு, உடன் பயின்ற சிறுமியரால் கல்லெறியுண்டார். பதினைந்தாம் வயதில் உதவி ஆசிரியையாகி, பின்னர் லா செரீனாவின் ஆசிரியப் பயிற்சிப் பள்ளியில் சேர விண்ணப்பித்தார். அவர் எழுதிய கட்டுரைகளில் சமய நெறிக்கு ஒவ்வாத கருத்துகள் உள்ளன என்று கூறிக் கதவை அடைத்தனர். நானும் பயிற்சிக் கல்லூரியில் பயின்றவனே. பயிற்சியின் பயனைக் குறைத்துக் கூறேன். ஆயினும், கற்பிக்கத் தகுந்தவர் யார் என்று தீர்ப்பளிக்க அமர்ந்தவர்கள் அன்று தேர்வில் தவறியவர்கள் என்றே சொல்வேன். 1910-இல் சாந்தியாகோ சென்று தேர்வெழுதித் தகுதிச் சான்று பெற்றார். 1922-இல் மெக்சிகோ அரசு தன் கல்விச் சீர்திருத்தத்துக்கு அவரை அழைத்தது. அவ்வாண்டு வெளிவந்த அவருடைய முதல் நூலில் நம் தாகூரின் பாடல்களுக்கு எழுதிய விளக்கங்களும் இடம்பெற்றன. 1945-இல் இலக்கியத்துக்கான நோபெல் பரிசு பெற்றார். இலத்தீன் அமெரிக்காவில் அதனைப் பெற்ற முதல்வர் அவரே. 1957-இல் நியூயார்க்கில் மறைந்த அவரது உடல், அவர் விரும்பியவாறே மோந்தேகிராந்தேயில் அடக்கமாகியுள்ளது. தென் அமெரிக்காவில் தம் நூல்கள் ஈட்டும் வருவாயை அவ்வூர்ப் பிள்ளைகளுக்கே எழுதிவைத்தார்.

இனி இரவு. கனியைப் பழுக்க வைத்த அதே மேகமற்ற வானம்தான் வானநூலாரையும் ஈர்த்தது. பசிபிக் கரையோரம் ஓடும் குளிர்ந்த நீரோட்டத்தால் கடற்காற்றின் ஈரம் தாழ்வான மூடுபனியாகவே தங்கிவிடுகிறது. உயர்ந்த மலைமுகடுகள் அதற்கு மேலே வறண்டு தெளிந்து நிற்கின்றன. அக்காலப் பெருந்தொலைநோக்கிகள் வட பாதியுலகிலேயே இருந்தன. நம் பால்வீதியின் நடுப்பகுதியும் மகெல்லன் முகிற்கூட்டங்களும் தென்வானுக்கு உரியவை. ஆகவே 1959 முதல் யூர்கன் ஸ்டாக் என்னும் வானநூலார் குதிரையிலும் கோவேறு கழுதையிலும் ஏறி, சிறு தொலைநோக்கியுடன் மலைமலையாகத் தங்கி, காற்றின் அமைதியை இரவுதோறும் அளந்தார். 1962-இல் ஏறத்தாழ 2,200 மீட்டர் உயரமுள்ள செர்ரோ டொலோலோ தேர்ந்தெடுக்கப்பட்டது. 1990-களின் தொடக்கத்தில் அங்கு நடந்த வெடிமீன் ஆய்வு, தொலைவை அளக்கும் முறையைச் செப்பனிட்டது. அம்முறையைத் துணைக்கொண்டே, அண்டம் விரிவது மட்டுமன்று, விரிவின் விரைவும் கூடிவருகிறது என 1998-இல் கண்டனர். 2011-இல் அதற்கு நோபெல் பரிசு கிடைத்தது. அருகிலுள்ள செர்ரோ பச்சோன் மலையில் 8.4 மீட்டர் ஆடியுடன் அமைந்த வேரா ரூபின் வானாய்வகம் தன் முதற் படங்களை 2025 ஜூன் திங்களில் வெளியிட்டது.

ஆனால் கீழே நகரங்கள் வளர்கின்றன. ஊருக்கு விளக்கு வேண்டும். மலைக்கு இருள் வேண்டும். தெருவிளக்குகளின் ஒளி மேல்நோக்கிச் சிதறலாகாது என்று சிலி அரசு 1998-இல் அப்பகுதிகளுக்கு விதி வகுத்தது. ஆய்வகங்கள் அமைந்த மலைநிலம் 2015-இல் உலகின் முதல் இருள்வானக் காப்பிடமாக ஏற்கப்பட்டு, கபிரியேலா மிஸ்திராலின் பெயரைப் பெற்றது. இருட்டில் நடக்க அஞ்சும் கிழவிக்கும் வெடிமீனைத் தேடும் அறிஞருக்கும் ஒரே விளக்குக் கம்பம் பொது. அங்கு வழக்கு இன்னும் முடிந்தபாடில்லை.

பெரிய தொலைநோக்கிகளில் கண்வைத்துப் பார்க்க வருவோர்க்கு இடமில்லை. அவற்றில் இப்போது கண்ணுக்குப் பதில் மின்னணுக் கருவியே அமர்ந்திருக்கிறது. பொதுமக்களுக்கென விகூனியா நகராட்சி 1998-இல் திறந்த மமலூக்கா வானாய்வகத்துக்கு மூன்றாம் நாள் மாலை செல்லலாம். கோடையிலும் மலையிரவு குளிரும், கம்பளி கொள்க. அங்கே துருவ மீனைத் தேடாதீர்கள், அது அடிவானத்துக்குக் கீழே. நாம் நிமிர்ந்து நிற்கக் கண்ட மிருகசீரிடத்து வேடன் அங்கே தலைகீழாய்த் தொங்குவான்.