சோபியா: ஒரு கிரேக்கப் பெயரும் சிங்கப்பூர்க் குன்றும்

சிங்கப்பூரில் தேக்காவிலிருந்து சிலிகி சாலை வழியாக நகர நடுவை நோக்கிச் செல்வோர், மேடேறிப் பிரியும் ஒரு சாலையைக் காண்பர். அது சோபியா சாலை. அது ஏறிச் செல்லும் குன்று மவுண்ட் சோபியா. 1887ஆம் ஆண்டில் தமிழ்ச் சிறுமியர்க்கென இப்பகுதியில் பள்ளி தொடங்கியவர் சோபியா பிளாக்மோர் அம்மையார் என்பதை அறிந்தோர், குன்றின் பெயர் அவர் நினைவாக இடப்பட்டதென எளிதில் கருதிவிடக்கூடும். பெயர்விளக்க நூல்களைப் புரட்டினால், ‘சோபியா என்பது கிரேக்கச் சொல், அறிவு என்று பொருள்’ என்னும் ஒற்றை வரியே கிடைக்கும். குன்று பற்றிய அக்கருத்து பிழை. பெயர் பற்றிய இவ்வரி பிழையன்று, ஆயினும் போதாதது. இவ்விரண்டையும் சற்று விரிவாக நோக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கிரேக்கப் பின்புலம்

‘சோபியா’ என்னும் சொல் ஹோமரின் இலியத்து காப்பியத்தில் ஒரே ஓரிடத்தில் பயில்கிறது. அவ்விடம் பதினைந்தாம் பாகத்தில் வருகிறது. அங்கே சொல்லுக்கு உரியவர் முனிவரோ மெய்யியலாரோ அல்லர். கப்பலுக்குரிய மரத்தை நூல்பிடித்து நேராக்கும் தச்சர். ஆக, நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய ஆட்சியில் சோபியா என்பது கைத்தொழில் வல்லமை. பின்னரே அது கவிஞரின் புலமையையும், நாடாள்வோரின் தெளிவையும், இறுதியில் முதற்பொருள்களைப் பற்றிய அறிவையும் குறிக்கலாயிற்று. அரிஸ்டாட்டில் தம் அறவியல் நூலின் ஆறாம் பகுதியில் சோபியாவை நடைமுறை விவேகத்தினின்றும் பிரித்து மிக உயர்ந்த அறிவாக நிறுவுகிறார். அவரும்கூட, பெய்டியாஸ் போன்ற சிற்பியரின் கலைத்தேர்ச்சிக்கு இச்சொல் வழங்குவதை அங்கேயே சுட்டிச் செல்கிறார். பழம்பொருள் அவர் காலத்திலும் மறையவில்லை என்பதற்கு இது சான்று.

தமிழில் இதற்கு நிகராக ‘அறிவு’ என்னும் சொல்லைக் காட்டிலும் ‘வித்தகம்’ என்னும் சொல்லே பொருத்தமுடையது என்பது என் கருத்து. அதன் வேர் எதுவாயினும், தமிழ் வழக்கில் வித்தகம் அறிவையும் குறிக்கும். கைவினைத் திறத்தையும் குறிக்கும். வித்தகர் எனின் ஞானியரும் ஆவர், கம்மியரும் ஆவர். கையும் கருத்தும் பிரியாத ஒரு நிலையை இவ்விரு சொற்களும் தத்தம் மொழியில் காத்து வைத்துள்ளன.

கிரேக்க மொழியில் இத்தகைய பண்புப்பெயர்கள் இலக்கணப்படி பெண்பால். எனவே சோபியா என்னும் சொல்லைப் பெண்ணாக உருவகித்தல் அம்மொழியாளர்க்கு இயல்பாயிற்று. எபிரேய விவிலியத்தின் நீதிமொழிகள் நூலில் தெருவிலே நின்று கூவியழைக்கும் பெண்ணாக ஞானம் காட்டப்படுகிறது. எபிரேயச் சொல்லும் பெண்பாலே. கிரேக்க மொழிபெயர்ப்பில் அது சோபியா ஆயிற்று. பின்னர் உரோமையில் தன் மூன்று மகளிரோடு மறைசாட்சியான சோபியா என்னும் தாயின் கதை எழுந்தது. அம்மகளிர் பெயர்கள் நம்பிக்கை, எதிர்நோக்கு, அன்பு என்னும் பொருளன. தாயின் பெயரும் மக்கள் பெயரும் பண்புகளாகவே அமைந்திருப்பதை நோக்க, இஃது உருவகம் வரலாறாக மாறியதோ என ஐயுற இடமுண்டு. கான்ஸ்டான்டினோப்பிளில் 537ஆம் ஆண்டு ஜஸ்டினியன் மன்னன் கட்டி முடித்த ஹாகியா சோபியா பேராலயத்திற்கும் இத்தாய்க்கும் தொடர்பில்லை. அது ‘தூய ஞானம்’ எனப் போற்றப்பட்ட கிறிஸ்துவுக்கு உரியது.

ஆங்கிலேயரிடையே இப்பெயர் பரவியதற்குச் சமயத்தினும் அரசியலே பெருங்காரணம். 1701ஆம் ஆண்டின் அரசுரிமைச் சட்டம், ஜெர்மனியின் ஹனோவர் குடும்பத்து சோபியாவையும் அவர் வழித்தோன்றல்களையும் இங்கிலாந்தின் முடிக்கு உரியராக்கியது. அவர் 1714இல் முடிசூடாமலே மறைந்தார். மகன் முதலாம் ஜார்ஜ் ஆனார். அந்நூற்றாண்டில் ஆங்கிலக் குடும்பங்களில் சோபியாக்கள் பெருகினர். 1749இல் வெளிவந்த ஹென்றி பீல்டிங்கின் டாம் ஜோன்ஸ் புதினத்தின் தலைவி பெயரும் அதுவே. 1786இல் பிறந்து, 1817இல் ராஃபிள்ஸுக்கு இரண்டாம் மனைவியான சோபியா ஹல் அம்மையாரும் இவ்வலையில் வந்தவரே எனலாம்.

குன்றுக்கு வந்த பெயர்

இக்குன்றின் பழைய மலாய்ப் பெயர் புக்கிட் சிலிகி. இன்றைய சிலிகி சாலையில் அப்பெயர் தங்கியுள்ளது. குன்றுக்குச் சோபியா என்னும் பெயர் வந்தமைக்கு மூன்று விளக்கங்கள் வழங்குகின்றன. ராஃபிள்ஸின் மனைவி பெயர் என்பது ஒன்று. ராஃபிள்ஸின் தங்கையை மணந்தவரும், சிங்கப்பூர்த் துறைமுகப் பொறுப்பை வகித்தவருமான கப்பல் தலைவர் பிளின்ட்டின் மகள் மேரி சோபியா ஆன் பெயர் என்பது மற்றொன்று. பிளின்ட் 1828இல் இறந்தார். 1830களில் இப்பகுதியில் சாதிக்காய்த் தோட்டம் அமைத்த சார்லஸ் ராபர்ட் பிரின்செப், தம் மகளிர் மூவர் பெயரால் சோபியா, எமிலி, கேரலைன் என அடுத்தடுத்த மேடுகளைப் பெயரிட்டார் என்பது மூன்றாவது. மகள் பெயரை மட்டும் எடுத்துக்கொண்டு மனைவியின் பெயரை விலக்குவதோ, மனைவியின் பெயரே பெருமைக்குரியதெனக் கொள்வதோ ஆய்வாகாது. மூன்றும் ஒரு செய்தியில் ஒன்றுபடுகின்றன: ஓர் ஆங்கிலேயர் தம் வீட்டுப் பெண்ணின் பெயரைத் தமக்குரியதாக்கிய நிலத்தின்மீது எழுதினார். 1857இல் ஆஸ்திரேலியாவின் கூல்பர்னில் பிறந்து 1887இல் சிங்கப்பூர் வந்த பிளாக்மோர் அம்மையார்க்கு இதில் பங்கில்லை.

பிரின்செப் பற்றி இங்கு ஒரு சொல். இவர் கல்கத்தாவில் வழக்குரைஞராக விளங்கியவர். 1837இல் அசோகனது பிராமிக் கல்வெட்டுகளைப் படித்துக்காட்டிய ஜேம்ஸ் பிரின்செப்பின் உடன்பிறந்தார். வடமேற்கு இந்தியாவை ஆண்ட கிரேக்க மன்னரின் இருமொழி நாணயங்கள் ஜேம்ஸுக்குப் பெருந்துணை செய்தன. அவ்வாறு படிக்கப்பெற்ற கல்வெட்டுகளுள் ஒன்றில்தான், யவன மன்னன் அந்தியோக்கஸும் சோழரும் பாண்டியரும் ஒருசேரக் குறிக்கப்படுகின்றனர். இந்தியவியல் மாணவர் சிலிகிப் பகுதியின் பிரின்செப் தெருவைக் கடக்கும்போது இதனை நினைவுகூரலாம்.

தமிழில் சோபியா

கிரேக்கச் சொற்கள் தமிழர்க்குப் புதியன அல்ல. சங்க நூல்களில் வரும் மத்திகை, சுருங்கை ஆகிய சொற்களைக் கிரேக்க மொழியோடு தொடர்புபடுத்துவோர் உளர். ஆனால் யவனர் கொணர்ந்தவை பொருட்பெயர்கள், பெண்பெயர்கள் அல்ல. கிரேக்க மூலமுடைய ஆட்பெயர்கள் தமிழகத்திற்குக் கிறிஸ்தவ சமயத்தின் வழியே, இலத்தீன், போர்த்துகீசியம், ஆங்கிலம் எனப் பல கைமாறியே வந்தன.

வந்த பெயர்களைத் தமிழர் இருவகையாகக் கையாண்டனர். ஒலியைத் தழுவுதல் ஒருவகை. பொருளைத் தழுவுதல் மற்றொரு வகை. ‘ஸ்டெபனோஸ்’ என்னும் கிரேக்கச் சொல்லுக்கு முடி என்பது பொருள். எனவே அத்திருத்தொண்டர் முடியப்பர் ஆனார். வீரமாமுனிவர் தேம்பாவணியில் சூசையை வளன் என்றும், யோவானைக் கருணையன் என்றும் அழைப்பது இந்நெறியின் உச்சம். சோபியா இந்நெறியில் ‘ஞானம்’ ஆகிறது. ஞானம்மாள், ஞானசுந்தரி, ஞானப்பூ முதலிய பெயர்கள் தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் மிகுதியும் வழங்கியவை.

இங்கு ஒரு வேடிக்கை உண்டு. வடமொழி ‘ஞா’ என்னும் வினையடியும் கிரேக்க ‘க்னோசிஸ்’ என்னும் சொல்லும் ஆங்கிலத்தில் அறிதலைக் குறிக்கும் ‘நோ’ என்னும் சொல்லும் ஒரே இந்தோ-ஐரோப்பிய வேரினின்றும் கிளைத்தவை. எனவே சோபியாவுக்குப் பெயர்ப்பாக நாம் கொண்ட ஞானம், பிறப்பால் அதன் உறவினள் அல்லள், க்னோசிஸின் உறவினள்.

மற்றொரு வேறுபாடு இலக்கணத்தைச் சார்ந்தது. தமிழில் பால்பகுப்பு சொல்லின் ஈற்றால் அன்று, பொருளின் தன்மையால் அமைவது. ஞானம், அறிவு, செல்வம் ஆகியன அஃறிணை. அவை பெயராகும்போது ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவாகின்றன. இயற்பெயரை இருதிணைக்கும் பொதுவான விரவுப்பெயருள் தொல்காப்பியர் வைத்தது ஈண்டு எண்ணத்தக்கது. பெண்ணென உணர்த்த அம்மாள், சுந்தரி, செல்வி என ஒன்று சேர்க்க வேண்டியுள்ளது. கிரேக்க மொழியில் தனித்து நின்றே பெண்ணான சோபியா, தமிழில் துணையோடுதான் பெண்ணாகிறாள்.

ஒலிவகையிலும் சில சொல்லலாம். ‘சோபியா’ என எழுதுவதை நாகரிகமற்றதென்று கருதி ‘சோஃபியா’ என எழுதுவோர் பெருகியுள்ளனர். ஆங்கில ஒலிப்புக்கு அது பொருந்தும். ஆயின் பிளேட்டோவின் காலத்து ஏதென்ஸில் அவ்வெழுத்து உதடும் பல்லும் உரசும் ஒலியன்று. மூச்சோடு கூடிய பகரமே. அவ்வாறாயின் ‘சோப்பியா’ என்று எழுதும் பாட்டியர் பிளேட்டோவுக்கு நம்மினும் அணுக்கராவர்.

சிங்கப்பூரில் இப்பெயர் கிறிஸ்தவர்க்கு மட்டும் உரியதன்று. மலாய் முஸ்லிம் குடும்பங்களிலும் சோபியா, சோபெயா என்னும் வடிவங்கள் பயில்கின்றன. ‘தூயவள்’ எனப் பொருள்படும் அரபுப் பெயராகிய ஸஃபிய்யாவோடு இது மயங்குவதுண்டு, இரண்டும் வேறு. சூஃபி என்னும் சொல்லும் கிரேக்க சோபியாவினின்று வந்தது என அல்பிரூனி பதினோராம் நூற்றாண்டில் இந்தியாவைப் பற்றிய தம் நூலில் கருதினார். கம்பளியைக் குறிக்கும் அரபுச் சொல்லே மூலம் என்பது இன்று பெரும்பாலார் கொள்கை. ஐயமின்றி சோபியாவை உட்கொண்டிருப்பது ‘பல்சபா’ என்னும் மலாய்ச் சொல்லே. ‘பிலோசோபியா’ என்னும் கிரேக்கச் சொல் அரபு வழியாக மலாயை அடைந்தது. மலாய் மொழியில் முனைவர் பட்டத்தின் பெயரிலும் அச்சொல் அமர்ந்துள்ளது.

ஒன்பது தமிழ்ச் சிறுமியர்

இனிப் பிளாக்மோர் அம்மையாரிடம் திரும்பலாம். அமெரிக்க மெதடிஸ்ட் மகளிர் சங்கத்தின் சார்பில் 1887 ஜூலையில் அவர் சிங்கப்பூர் வந்தார். இந்திய வணிகர் ஒருவர் இடம் தந்து உதவ, ஆகஸ்ட் மாதம் ஷார்ட் ஸ்ட்ரீட்டில் ஒரு கடைவீட்டில் ஒன்பது சிறுமியரோடு தமிழ்ப் பெண்கள் பள்ளியைத் தொடங்கினார். அக்காலச் சிங்கப்பூரில் இந்தியருள் ஆடவரே மிகப் பெரும்பான்மையர். குடும்பமாக வாழ்ந்தோர் சிலர். அவருள்ளும் மகளைப் பள்ளிக்கு அனுப்பத் துணிந்தோர் மிகச் சிலர். இந்நிலையில் ஒன்பது என்பது சிற்றெண் அன்று. அப்பள்ளியின் தொடக்கத்தை அம்மையாரின் செயலாகவே எழுதுவது வழக்கம். இடம் தந்த வணிகரும் மகளை அனுப்பிய பெற்றோரும் இல்லாதிருப்பின் அச்செயல் நிகழ்ந்திராது என்பதனை வலியுறுத்த வேண்டியுள்ளது. ஆசிரியரை நாம் பெயரால் அறிகிறோம். மாணவியரை எண்ணால் அறிகிறோம். சோபியா என்னும் பெயரை ஆராய்வோர் கருத்தில் இவ்வேற்றுமை உறுத்தாமல் போகாது.

அடுத்த ஆண்டே அம்மையார் தெலுக் ஆயர் பகுதியில் சீனச் சிறுமியர்க்கும் பள்ளி கண்டார். அது பின்னர் பேர்ஃபீல்டு எனப் பெயர் பெற்றது. ஷார்ட் ஸ்ட்ரீட் பள்ளியில் பிற இனத்தாரும் சேரவே, ‘தமிழ்’ என்னும் சொல் பெயரினின்று நீங்கி அது மெதடிஸ்ட் பெண்கள் பள்ளி ஆயிற்று. இடப்பெயர் மாறியதைக் காட்டிலும் இப்பெயர்மாற்றமே நம் ஆய்வுக்கு முதன்மையானது. பள்ளி வளர்ந்தது, வளர்ந்தபோது தன் முதற்பெயரை இழந்தது. வளர்ச்சிக்கு அது தேவையாக இருந்திருக்கலாம் என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் அப்பள்ளியைத் தமிழர் வரலாற்றில் சேர்த்து எண்ணும் வழக்கம் நம்மிடம் அருகியமைக்கு இதுவும் ஒரு காரணம்.

1920களில் பள்ளி மவுண்ட் சோபியாவில் குடியேறியது. நிறுவனரின் பெயரும் குன்றின் பெயரும் ஒன்றாயது தற்செயலே. மேற்கூறிய மயக்கம் இங்குத்தான் கருக்கொண்டிருக்க வேண்டும். அம்மையார் 1928இல் தாயகம் திரும்பி 1945இல் மறைந்தார். 1992இல் பள்ளி புக்கிட் தீமாப் பகுதிக்கு மாறியபோது, அதன் முகவரி பிளாக்மோர் டிரைவ் ஆயிற்று. ஆக, சிங்கப்பூர் நிலத்தில் உண்மையிலேயே அவர் நினைவைத் தாங்குவது முதற்பெயரன்று, குடும்பப்பெயர்.

அண்மைக்காலத்தில், பெண்மக்களுக்குச் சோபியா எனப் பெயரிடும் தமிழ்ப் பெற்றோரைக் கடிந்து பேசும் மேடைகள் உண்டு. தமிழ்ப்பெயர் இடுக என்னும் வேண்டுகோளில் எனக்கு மறுப்பில்லை. அறிவுச்செல்வி, அறிவுக்கொடி முதலாயின இனிய பெயர்கள். ‘வித்தகி’ என ஒரு பெண்ணை அழைப்பதும் கேட்க நன்றே. ஆனால் வடமொழி ஞானத்தைத் தமிழென ஏற்றுக் கிரேக்கச் சோபியாவை மட்டும் அயலென ஒதுக்குவோர், தம் அளவுகோல் காலமா மொழியா என்பதைத் தெளிவுறக் கூறுதல் வேண்டும்.

குன்றின்மேலிருந்த பழைய பள்ளிக் கட்டடங்கள் 2007 முதல் 2012 வரை கலைஞர்களின் கூடமாகப் பயன்பட்டன. பின்னர் அவ்விடம் அடுக்குமாடிக் குடியிருப்பாயிற்று. ஷார்ட் ஸ்ட்ரீட்டில் தமிழ் மெதடிஸ்ட் திருச்சபை இன்றும் உள்ளது. அங்கே நீதிமொழிகள் தமிழில் வாசிக்கப்படும்போது, தெருவில் நின்று கூவியழைப்பவளின் பெயர் ஞானம் என்றே ஒலிக்கும்.