ரவுல் கூத்தார்: போரிலிருந்து வந்த கமரா

பிரெஞ்சுப் புதிய அலை குறித்து நமது சிறுசஞ்சிகைகளில் நான் வாசித்தவை பெரும்பாலும் கொதாரையும் த்ரூபோவையும் பற்றியவையே. அவர்களது முக்கியமான பல படங்களுக்குக் கமரா பிடித்த ரவுல் கூத்தார் (1924–2016) எங்கிருந்து வந்தார் என்பதை யாரும் பெரிதாகக் கேட்டதில்லை.

அவர் வந்தது இந்தோசீனாவிலிருந்து. 1945இல் பிரெஞ்சுப் படையுடன் போனவர், ஏறத்தாழ பதினொரு வருடங்கள் அங்கிருந்தார். இராணுவத்திற்காகவும், பின்னர் சஞ்சிகைகளுக்காகவும் புகைப்படம் எடுத்தார். காலனியக் காலாட்படையின் பக்கத்தில் நின்றே அவரது கண் பழகியது. அதே போரில் படமெடுத்த பியர் ஷொந்தர்பேர்தான் அவரை ஆப்கானிஸ்தானில் எடுத்த படமொன்றின் மூலம் சினிமாவுக்கு இழுத்தார்.

1959இல் பாரிஸ் தெருக்களில் கொதாரின் 'மூச்சுத் திணற' படமாகியது. முக்காலி இல்லை, கமரா கையில். தள்ளுவண்டிக்குப் பதில் சக்கர நாற்காலி, அதைத் தள்ளியவர் கொதாரே. சாம்ஸ் எலிசேயில் தபால் வண்டிக்குள் கமராவை ஒளித்துவைத்தார்கள். இரவுக் காட்சிகளுக்கு இருக்கிற வெளிச்சம் போதவில்லை. ஆகவே புகைப்படக் கமராக்களுக்கென விற்கப்பட்ட இல்ஃபோர்ட் சுருள்களை, ஒவ்வொன்றும் பதினேழரை மீற்றர், ஒட்டிப் பாவித்தார்கள். இவற்றையெல்லாம் அழகியற் புரட்சி என்கிறோம். எனக்கோ இதில் போர்முனைப் படப்பிடிப்பாளனின் பழக்கம்தான் முதலில் தெரிகிறது: விளக்கை எதிர்பார்க்காதே, ஆளோடு ஓடு. (ஒரு தரப்பின் கமராவை மட்டுமே கண்டு பழகிய எமக்கு இந்த வம்சாவளி அந்நியமானதல்ல.)

அடுத்த வருடமே அவர் ஒளிப்பதிவு செய்த 'சிறிய சிப்பாய்' அல்ஜீரியப் போரையும் சித்திரவதையையும் தொட்டதால் 1963 வரை தடைசெய்யப்பட்டிருந்தது. ரூஷ்–மொறான் இருவரின் 'ஒரு கோடையின் குறிப்பேடு' (1961) என்ற விவரணப்படத்திலும் அவர் கை இருக்கிறது. கிரேக்கத்து அரசியற் கொலையைச் சொல்லும் கொஸ்தா-கவ்ராஸின் 'Z' என்ற எழுத்தையே பெயராகக் கொண்ட படமும் (1969) அவருடையதே. அது விடுதலை பெற்ற அல்ஜியர்ஸில் எடுக்கப்பட்டது.

'317ஆவது பிளட்டூன்' (1965) வேறு விதம். 1954இல் பின்வாங்கும் ஒரு சிறு படைப்பிரிவை, கம்போடியக் காட்டில், செய்திப்படம் போல எடுத்திருக்கிறார். சேறும் களைப்பும் அவ்வளவு உண்மை. எதிரிக்கு மட்டும் முகமே இல்லை. நேர்மையான ஒளிப்பதிவு அரசியல் நேர்மையாகிவிடாது என்று வாதிடும் நண்பர்களுக்கு இதைவிட நல்ல சாட்சி கிடையாது.

ஆயினும் 1970இல் அவரே இயக்கிய 'ஹோவா-பின்' அவர்களது வாதத்தைக் குழப்புகிறது. தாயை இழந்து, குட்டித் தங்கையைச் சுமந்து அலையும் வியட்நாமியச் சிறுவனின் கதை. அதில் முகங்களே மையம். கான் விழாவில் சிறந்த முதற்படத்துக்கான பரிசும் பெற்றது. பத்து வருடங்களின் பின், 1980இல், ஸயரின் கொல்வேசியில் குதித்த பிரெஞ்சு அந்நியப் படையணியின் வீரக்கதையையும் அதே மனிதர்தான் இயக்கினார்.