நடுகல் இல்லாத வெளியேற்றம்

புத்தளம் நகருக்குத் தெற்கே பாலாவிக்குச் செல்லும் வழியில் உள்ள தில்லையடி, களப்போரச் சதுப்புகளில் வளரும் தில்லை மரத்தின் பெயரைத் தாங்கிய ஊர். காந்தியடிகளின் தென்னாபிரிக்கப் போராட்டத்தோடு சேர்த்து நினைக்கப்படும் தமிழ்நாட்டுத் தில்லையாடியோடு இதற்குத் தொடர்பில்லை. 1990ஆம் ஆண்டு ஒக்டோபரில் தமிழீழ விடுதலைப் புலிகள் வடமாகாணத்தில் தம் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளிலிருந்து முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேற்றியபோது, அவர்கள் வந்து தங்கிய புத்தளம் மாவட்டத்து ஊர்களுள் இதுவும் ஒன்றாயிற்று. யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் பலர் இங்கே கிடுகுக் குடிசை போட்டு, சில மாதங்களில் திரும்பிவிடலாம் என்ற நம்பிக்கையோடு காத்திருந்தனர். இலங்கைப் போர் எவ்வாறு நினைவுகூரப்படுகிறது, அந்த நினைவு யாருடைய அரசியலுக்குப் பயன்படுகிறது என்பதைக் கொழும்பிலிருந்தோ போரின் இறுதிக் களமான முள்ளிவாய்க்காலிலிருந்தோ பார்ப்பதைவிடத் தில்லையடியிலிருந்து பார்ப்பவருக்குச் சில உண்மைகள் தெளிவாகத் தெரியும்.

வெளியேற்றப்பட்டோர் தொகை ஏறத்தாழ 75,000 எனப் பொதுவாகக் கொள்ளப்படுகிறது. அவ்வாண்டு ஓகஸ்ட் 3ஆம் திகதி கிழக்கில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்ற நூற்றுக்கும் மேற்பட்டோர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அடுத்த வாரமே ஏறாவூரிலும் பெரும் படுகொலை நிகழ்ந்தது. வடக்கில் நடந்தது வேறு வகையானது. பிடித்துச் செல்லப்பட்டுத் திரும்பாத வணிகர் சிலர் நீங்கலாக, அங்கே உயிர்கள் பறிக்கப்படவில்லை, ஊர்கள் பறிக்கப்பட்டன. சாவகச்சேரியில் ஒக்டோபர் நடுப்பகுதியில் தொடங்கிய வெளியேற்றம் மன்னாருக்கும் பிற மாவட்டங்களுக்கும் பரவி, 30ஆம் திகதி யாழ்ப்பாண நகரை எட்டியது. அன்று காலை சோனகத் தெருவும் அதைச் சூழ்ந்த வீதிகளும் ஒலிபெருக்கி அறிவித்தலால் ஜின்னா மைதானத்துக்கு அழைக்கப்பட்டன; திரண்டு நின்றவர்களிடம் இரண்டு மணி நேரத்துக்குள் நகரை விட்டு நீங்க வேண்டும் என்று கட்டளையிடப்பட்டது. கொண்டுசெல்லலாம் என அனுமதிக்கப்பட்ட தொகை இடத்துக்கு இடம் வேறுபட்டபோதும், யாழ்ப்பாணத்தைப் பற்றிப் பேசும்போது பெரிதும் குறிப்பிடப்படுவது ஆளுக்கு 150 ரூபா என்பதே. வெளியேறும் வழியில் இருந்த சோதனைச் சாவடிகளில் பெண்களின் காதணிகளும் கழற்றி வாங்கப்பட்டன. மன்னார்த் தீவின் மக்கள் மழைக்காலக் கடலில் வள்ளங்களில் ஏறிக் கற்பிட்டிக் கரையில் இறங்கினர். காணி உறுதி, அதாவது நிலத்தின் உரிமையை நிறுவும் பதிவுப் பத்திரம், பல குடும்பங்களிடம் இல்லாமற் போனதன் தொடக்கம் அந்தச் சாவடிகளும் அந்த அவசரமுமே. பத்தொன்பது ஆண்டுகள் கழித்துத் திரும்பிச் சென்றவர்களிடம் அதிகாரிகள் முதலில் கேட்டதும் அந்த உறுதியைத்தான்.

தமிழ் மரபில் போரின் நினைவு கல்லில் நிலைபெறுகிறது. ஆநிரை கவர்தலிலும் மீட்டலிலும் இறந்த வீரனுக்கு நடப்படும் நடுகல்லை, கல்லைத் தேர்ந்து காண்பது முதல் வாழ்த்துவது வரை ஆறு நிலைகளாகத் தொல்காப்பியம் வகுக்கிறது. அந்த முறைமைக்கு ஓர் உடல் வேண்டும், ஒரு பெயர் வேண்டும், கல் நடுவதற்கு ஊர் என ஒன்று வேண்டும். தற்கால அரசுகளின் நினைவேந்தலும் இதே அடித்தளத்தின்மேல் நிற்கிறது: 1920இல் இலண்டனிலும் 1921இல் பாரிசிலும் பெயர் தெரியாத படைவீரன் ஒருவனின் உடல் அரச மரியாதையுடன் அடக்கம் செய்யப்பட்டதன் நோக்கம், இலட்சக்கணக்கான தனித்தனித் துயரங்களை ஒரே கல்லறைக்குக் கீழே நாட்டின் உடைமையாக ஆக்கிக்கொள்வதே. இறந்தவர் மறுத்துப் பேசமாட்டார் என்பதால் அவர் எதற்காக இறந்தார் என்பதை உயிரோடிருக்கும் ஆட்சியாளரே சொல்லிவிட முடிகிறது. துரத்தப்பட்டவரோ உயிரோடிருக்கிறார், பேசுகிறார், வீட்டைத் திருப்பிக் கேட்கிறார். ஆகவே அவருக்குக் கல் நட எந்தத் தரப்புக்கும் மனம் வருவதில்லை.

நினைவின்மீது அரசு செய்யும் இந்த ஆக்கிரமிப்பை இலங்கையர் நேரடியாக எதிர்த்து நின்ற காலமும் உண்டு. முதல் உலகப் போர் முடிந்த நாளான நவம்பர் 11ஆம் திகதி கொழும்பில் கசகசாச் செம்பூ விற்றுச் சேர்த்த பணத்தின் பெரும்பகுதி பிரித்தானியாவுக்கே சென்றதால், அதற்கு மாற்றாகச் சூரிய மல் எனப்படும் பூவரசம் பூவை விற்கும் இயக்கம் 1931இல் தோன்றியது. முதலில் இலங்கைப் படைவீரர்களுக்கு உதவும் நோக்கோடு தொடங்கிய அதை, 1933இல் இடதுசாரி இளைஞர்கள் பேரரசுக்கும் போருக்கும் எதிரான இயக்கமாக மாற்றினர். டொரீன் யங் அதன் தலைவராக விளங்கினார். யாருடைய போரை யாருடைய பணத்தில் நினைவுகூர்வது என்று அவர்கள் எழுப்பிய கேள்வி, விடுதலை பெற்ற இலங்கையில் வேறு வடிவில் திரும்பி வந்தது.

2009 மே மாதம் போர் முடிந்ததும் மே 19 அரசின் வெற்றி நாளாயிற்று. அன்று நாடாளுமன்றத்தில் பேசிய குடியரசுத் தலைவர் மஹிந்த ராஜபக்ஷ, இனி நாட்டில் சிறுபான்மையினர் என எவரும் இல்லை, நாட்டை நேசிப்போரும் நேசிக்காதோருமே உள்ளனர் என்னும் கருத்தை முன்வைத்தார். கிளிநொச்சியில் எறிகணை துளைத்த கன்மதில் ஒன்றின் உச்சியில் தாமரை மலர்வதுபோல் வெற்றித் தூண் எழுந்தது; ஆனையிறவிலும் புதுக்குடியிருப்பிலும் படைவீரர் நினைவுச் சின்னங்கள் அமைந்தன. அதே காலத்தில் விடுதலைப் புலிகளின் துயிலும் இல்லங்கள், அதாவது அவ்வியக்கத்தில் இறந்தோரைப் புதைத்த கல்லறைத் தோட்டங்கள், இடிக்கப்பட்டன. கோப்பாயில் கல்லறைகள் இருந்த நிலத்தின்மேலேயே படைத் தலைமையகம் கட்டப்பட்டது. பிள்ளையைப் புதைத்த இடத்தில் விளக்கேற்றும் உரிமையைத் தாய்க்கு மறுப்பது எந்த வெற்றியாலும் நியாயப்படுத்த முடியாத கொடுமை. 2015இல் ஆட்சி மாறியபின் வெற்றி நாள் என்ற பெயர் கைவிடப்பட்டுப் போர்வீரர் நினைவு நாள் எனப்பட்டபோதும் முரசு அதே முரசாகவே இருந்தது. 2021 ஜனவரி 8ஆம் திகதி இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் முள்ளிவாய்க்கால் நினைவுத்தூண் இடித்துத் தள்ளப்பட்டு, மாணவர் போராட்டத்துக்குப் பின் மீண்டும் கட்டப்பட்டது.

மறுபுறத்தில், 1989 முதல் நவம்பர் 27ஐ மாவீரர் நாளாகக் கொண்டாடிய விடுதலைப் புலிகள், நினைவேந்தலை ஓர் அரசுக்குரிய ஒழுங்கோடு நடத்தினர்: குறித்த நேரத்தில் மணியோசை, ஈகைச்சுடர், தலைவரின் உரை. அந்த மாவீரர் பட்டியலில், தொடக்க காலத்தில் இயக்கத்தில் சேர்ந்து உயிர்நீத்த முஸ்லிம் இளைஞர்களின் பெயர்களும் உள்ளன. இறந்தவர்கள் தாயகத்தின் மைந்தர்களாகவே பட்டியலில் நீடித்தார்கள். அவர்களைப் பெற்ற சமூகம் மட்டும் தாயகத்துக்கு வெளியே தள்ளப்பட்டது. 2002 ஏப்ரல் 10ஆம் திகதி கிளிநொச்சியில் நடந்த செய்தியாளர் சந்திப்பில், புலிகளின் தலைவர் பிரபாகரன் அருகில் இருக்க, இயக்கத்தின் அரசியல் ஆலோசகர் அன்ரன் பாலசிங்கம் இந்த வெளியேற்றத்துக்கு வருத்தம் தெரிவித்தார். மூன்று நாட்கள் கழித்து முஸ்லிம் காங்கிரஸ் தலைவர் ரவூப் ஹக்கீமுடன் உடன்பாடும் காணப்பட்டது. ஆயினும் திரும்பிச் செல்வதற்கான பாதுகாப்பான வழி அந்த உடன்பாட்டால் திறக்கவில்லை.

அரசு இந்த வெளியேற்றத்தை மறந்திருக்கவில்லை. தேவைப்படும் இடத்தில் எடுத்துப் பேசத் தெரிந்தே வைத்திருந்தது. 2012 மார்ச்சில் ஜெனீவாவின் ஐக்கிய நாடுகள் மனித உரிமைப் பேரவையில் இலங்கை மீதான தீர்மானம் வந்தபோது, முஸ்லிம் அமைச்சர்களும் அரச தூதுக்குழுவில் இடம்பெற்று முஸ்லிம் நாடுகளின் ஆதரவைத் திரட்டினர். 24 நாடுகள் ஆதரிக்க, 15 எதிர்க்க, 8 நடுநிலை வகிக்கத் தீர்மானம் நிறைவேறியது, எதிர்த்தவற்றுள் சவூதி அரேபியாவும் வங்காளதேசமும் அடங்கும். புலிகள் யாரென்று உலகுக்குக் காட்டப் பயன்பட்ட வடக்கு முஸ்லிம் அகதி, தன் ஊருக்குத் திரும்ப முயன்றபோது வேறொரு கண்கொண்டு பார்க்கப்பட்டார். 2008 ஏப்ரலுக்குப் பின் இடம்பெயர்ந்தோர் ‘புதியவர்’ என்றும் அதற்கு முன் இடம்பெயர்ந்தோர் ‘பழையவர்’ என்றும் பிரிக்கப்பட்டபோது, மீள்குடியேற்ற உதவிகளில் வடக்கு முஸ்லிம்கள் பின்வரிசைக்குத் தள்ளப்பட்டனர். மன்னார் மாவட்டத்தின் முசலிப் பகுதியில், இருபது ஆண்டுகளாக ஆளில்லாததால் காடு மண்டிய அவர்களது காணிகள் வன ஒதுக்கமாக வர்த்தமானியில், அதாவது அரசின் அதிகாரபூர்வ அறிவிப்பிதழில், வெளியாயின. மறிச்சுக்கட்டிக்குத் திரும்பியவர்கள் 2015இல் வில்பத்துக் காட்டை அழிப்போர் எனத் தொலைக்காட்சிகளில் காட்டப்பட்டார்கள். காடு காக்கப்பட வேண்டியதே. ஆனால் அக்காணிகள் காடானது ஏன் என்ற கேள்வி அந்த ஒளிபரப்புகளில் எழவில்லை.

முஸ்லிம் அரசியல் கட்சிகளும் இதில் குற்றமற்றவை எனச் சொல்ல இயலாது. தேர்தல் நெருங்கும்போதெல்லாம் வெளியேற்றத்தை மேடைக்குக் கொண்டுவந்து, வீடு, வேலை, நிவாரணம் ஆகியவற்றைக் கட்சி விசுவாசத்துக்கு ஏற்பப் பங்கிட்ட வழக்கம், புத்தளத்தில் காலங்காலமாக வாழ்ந்த முஸ்லிம்களுக்கும் வடக்கிலிருந்து வந்தவர்களுக்கும் இடையே கசப்பை வளர்த்தது. முதல் வாரங்களில் சமைத்த சோற்றையும் தங்கப் பள்ளிவாசலையும் கொடுத்தவர்கள் அந்தப் பழைய குடிகளே. பின்னர் உப்பளத்திலும் கற்பிட்டி வெங்காயத் தோட்டங்களிலும் குறைந்த கூலிக்கு வேலை செய்ய அகதிகள் வந்ததாலும், பாடசாலை இடங்களும் அரச வேலைகளும் பங்கிடப்பட்டதாலும், ‘அகதி’ என்ற சொல் ஒரு நிலையைக் குறிப்பதிலிருந்து ஒரு சாதிப்பெயர் போல மாறி, முகாமில் பிறந்த பிள்ளைமீதும் ஒட்டிக்கொண்டது.

போரால் துரத்தப்பட்டோரின் நினைவை அரசு கையாண்டதற்கு ஜெர்மனி ஓர் எடுத்துக்காட்டு. இரண்டாம் உலகப் போருக்குப்பின் கிழக்கிலிருந்து விரட்டப்பட்ட ஏறத்தாழ 1.2 கோடி ஜெர்மானியருக்காக மேற்கு ஜெர்மனியில் 1949 முதல் 1969 வரை தனி அமைச்சே இயங்கியது. பனிப்போர்க் காலத்தில் அவர்களது இழப்பு அரசியல் ஆயுதமாகப் பயன்பட்டதும் உண்மை, இழப்பீடு வழங்கப்பட்டதும் உண்மை. இலங்கை முதலாவதை மட்டும் எடுத்துக்கொண்டது.

எனவே வடக்கு முஸ்லிம்களின் நினைவை முறையாகப் பதிவுசெய்யும் பணி அரசுக்கு வெளியே இருந்தவர்கள் தோளில் விழுந்தது. மன்னாரைச் சேர்ந்தவரும் பேராதனைப் பல்கலைக்கழகப் புவியியற் பேராசிரியருமான எஸ்.எச். ஹஸ்புல்லாஹ், வெளியேற்றப்பட்டோரின் ஊர்களையும் இழப்புகளையும் ஆண்டுக்கணக்கில் கணக்கெடுத்து, இவர்களை மறக்கப்பட்ட மக்கள் என்று அழைத்தார். சட்டமும் சமூகமும் அறக்கட்டளையின் முயற்சியில் அமைந்த குடிமக்கள் ஆணைக்குழு, பாதிக்கப்பட்டோரின் சாட்சியங்களைத் திரட்டி 2011இல் அறிக்கை வெளியிட்டது. அரசே நியமித்த நல்லிணக்க ஆணைக்குழுவும் அவ்வாண்டு அறிக்கையில் இவர்களது மீள்திரும்புகைக்குப் பரிந்துரைத்தது. தமிழ் அரசியலாளரில் எம்.ஏ. சுமந்திரன் இதனை இனச்சுத்திகரிப்பு என்றே வெளிப்படையாகச் சொன்னார், அதற்காகத் தன் மக்களிடையே கண்டனத்தையும் ஏற்றார். முள்ளிவாய்க்காலில் இறந்தவர்களுக்கு நீதி கேட்கும் தமிழர், ஜின்னா மைதானத்தில் நின்றவர்களின் கதையையும் தம் வரலாற்றில் சேர்த்துச் சொல்லும்போதுதான் அக்கேள்வி முழு வலிமை பெறும்.

தில்லையடியில் இன்று கிடுகுக் குடிசைகளின் இடத்தில் கல்வீடுகள் உள்ளன. உலக வங்கிக் கடனுதவியுடன் 2007இல் தொடங்கிய வீடமைப்புத் திட்டம் அம்மாவட்டத்தின் அகதிக் குடும்பங்கள் பலவற்றுக்கு நிரந்தரக் கூரை தந்தது. ஆனாலும் பலரது பெயர் வடக்கின் வாக்காளர் இடாப்பிலேயே தொடர்ந்தது, ஏனெனில் அந்தப் பெயர் நீங்கினால் ஊரோடு தம்மை இணைக்கும் கடைசி அரச ஆவணமும் போய்விடும் என்று அவர்கள் கருதினர். 2019 நவம்பர் 16ஆம் திகதி குடியரசுத் தலைவர் தேர்தலில் வாக்களிப்பதற்காகப் புத்தளத்திலிருந்து மன்னாருக்குப் பேருந்துகளில் புறப்பட்ட அம்மக்கள்மீது, அனுராதபுர மாவட்டத்துத் தந்திரிமலைப் பகுதியில் துப்பாக்கிச் சூடும் கல்வீச்சும் நடந்தன. உயிர்ச்சேதம் இல்லை, பேருந்துகள் மன்னாரை நோக்கிப் பயணத்தைத் தொடர்ந்தன.