ஓர் ஊரும் மூன்று பயணங்களும்

கேரளத்தின் கோட்டயம் மாவட்டத்தில், பாலா நகருக்கு வடக்கே, ரப்பர் மரங்கள் அடர்ந்த குன்றுகளின் நடுவே இராமபுரம் என்னும் மலையாளச் சிற்றூர் அமைந்துள்ளது. பெயருக்கேற்ப இங்கு இராமனுக்குக் கோயில் உண்டு. அருகிலுள்ள ஊர்களில் இலக்குமணன், பரதன், சத்துருக்கனன் ஆகியோருக்கும் கோயில்கள் உள்ளன. நம் ஆடி மாதத்தையொட்டி வரும் கர்க்கடகத்தில் இந்த நான்கு கோயில்களையும் ஒரே நாளில் வழிபட மக்கள் திரள்வர். அதே ஊரில்தான் புனித அகுஸ்தினார் ஆலயமும் பழம்பெருமையோடு நிற்கிறது. இவ்வூரின் வரலாற்றை எண்ணும்போது மூன்று பயணங்கள் நம் கண்முன் எழுகின்றன.

முதலாவது, ஒரு கவிஞர் பாடிய பயணம். 18-ஆம் நூற்றாண்டில் இங்குப் பிறந்த இராமபுரத்து வாரியர், ஏழைக் குசேலர் செல்வந்தராகிய நண்பர் கண்ணனைத் தேடிச் சென்ற கதையைப் படகுப் பாட்டாக, வஞ்சிப்பாட்டாகப் பாடினார். மார்த்தாண்ட வர்ம மன்னரோடு படகில் சென்றபோது பாடினார் என்பது மரபு. வறியவன் வாயிலில் வந்து நின்றதும், அரசன் எழுந்தோடி வந்து தழுவிக்கொள்கிறான். மலையாள மக்கள் இக்கதையை நெஞ்சில் நிறுத்திக்கொண்டனர்.

இரண்டாவது, உரோமை நோக்கிய பயணம். தோமையார் கிறிஸ்தவர்கள் தங்கள் பிளவு நீங்கி ஒன்றுபடவும், தம் இனத்தவரையே ஆயராகப் பெறவும் ஏங்கிய காலம் அது. அவ்வேண்டுகோளைத் திருத்தந்தையின் முன் வைக்க, 1778-இல் யோசேப் கரியாட்டில் அவர்களும், அருகிலுள்ள கடநாட்டைச் சேர்ந்த பாறேம்மாக்கல் தோமா கத்தனாரும் புறப்பட்டனர். கத்தனார் என்பது அம்மரபில் குருவைக் குறிக்கும் சொல். நம் தமிழ் மண்ணைக் கடந்து சென்னையில் கப்பலேறி, ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றி, பிரேசிலைத் தொட்டு, லிஸ்பன் வழியாக உரோமை சேர்ந்தனர். பேராயராகத் திருநிலை பெற்றுத் திரும்பிய கரியாட்டில், தம் மக்களைக் காணுமுன்னரே 1786-இல் கோவாவில் இறந்தார். தோமா கத்தனார் தனியே ஊர் திரும்பி, 1799-இல் தாம் இறக்கும்வரை கொடுங்கல்லூர்த் திருச்சபையை நிர்வகித்தார். அவர் துயில்கொள்வது இராமபுரத்தில்தான்.

அவர் எழுதிய ‘வர்த்தமானப் புத்தகம்’ இந்திய மொழிகளில் தோன்றிய முதற் பயண நூல்களுள் ஒன்றாகப் போற்றப்படுகிறது. அயல்நாட்டு மறைப்பணியாளர் தம் மக்களைத் தாழ்வாக நடத்தியதை அதில் அவர் மனம் நொந்து எழுதினார். இந்நாட்டுத் திருச்சபையை இந்நாட்டவரே வழிநடத்த வேண்டும் என்றும் துணிந்து வாதிட்டார். கையெழுத்துப் படியாகவே கிடந்த அந்நூல் 1936-இல்தான் அச்சேறியது. திருவிதாங்கூரில் ஒடுக்கப்பட்டோருக்குக் கோயில் கதவுகள் திறக்கப்பட்டதும் அதே 1936-இல்தான்.

இங்கே நம் மனச்சான்று ஒரு கேள்வியை எழுப்புகிறது. தமக்கு உரிய மதிப்பைக் கேட்டுக் கடல் கடந்த சமூகம், தன் வயல்களில் உழைத்தவர்களுக்கு அம்மதிப்பை வழங்கியதா? இல்லை என்பதே வருத்தத்திற்குரிய விடை. தீண்டத்தகாதவர் எனத் தள்ளப்பட்ட அம்மக்களுக்குப் பொதுவழியும் பள்ளியும் மறுக்கப்பட்டன. திருமுழுக்குப் பெற்ற பின்னும் அவர்கள் ‘புதுக்கிறிஸ்தவர்’ என்றே பிரித்து அழைக்கப்பட்டனர்.

இதற்கு விடையாக அமைந்ததே மூன்றாவது பயணம். 1891-இல் இராமபுரத்தில் பிறந்த அகுஸ்தீன் தேவர்பறம்பில், உருவத்தில் சிறியவர். ஆதலால் ‘குஞ்ஞச்சன்’, அதாவது சின்னச் சாமியார், என அழைக்கப்பட்டார். 1921-இல் குருவானார். கடநாட்டில் துணைக்குருவாக இருந்தவர், உடல்நலம் குன்றி ஓய்வுக்காக 1926-இல் ஊர் திரும்பினார். ஓய்வு தேடி வந்தவருக்கு அந்த எளியோரின் துயரமே அழைப்பாயிற்று. குடிசை குடிசையாக நடந்தார். பிள்ளைகளைப் பள்ளியில் சேர்த்தார். ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி அழைத்தார். 1973-இல் இறக்கும்வரை ஏறத்தாழ 47 ஆண்டுகள் இப்பணி தொடர்ந்தது. பங்குத்தந்தை என்னும் பொறுப்புகூட அவரை நாடி வரவில்லை. இறுதிவரை துணைக்குருவாகவே இருந்தார். 2006-ஆம் ஆண்டு ஏப்ரல் 30 அன்று அதே இராமபுரத்தில் திருச்சபை அவரை முத்திப்பேறு பெற்றவராக அறிவித்தது.

தோமா கத்தனாரின் பயணம் எட்டாண்டுகள் நீண்டது. குஞ்ஞச்சனின் பயணமோ சில கல் தொலைவே. ஆயினும் கடக்க வேண்டியிருந்த தூரம் எதில் அதிகம்? கடலைக் கடந்தவர்க்குக் கப்பல் இருந்தது. சாதியைக் கடக்கக் கால்களும் கனிந்த உள்ளமும் மட்டுமே துணை. குசேலர் கதையில் வறியவன் அரசனைத் தேடிப் போனான். குஞ்ஞச்சனிடமோ குருவே வறியவரைத் தேடிப் போனார்.

இராமபுரத்தின் கதையை வேற்றூர்க் கதையாகப் படித்துவிட்டு நாம் அமைந்துவிட இயலாது. நம் கல்லறைத் தோட்டங்களிலும், தேர் செல்லும் தெருக்களிலும் சாதிக் கோடுகள் இன்னும் முற்றாக அழிந்துவிடவில்லை. நமக்கு நீதி கேட்கும் குரல் நம்மிடம் உரக்கவே ஒலிக்கிறது. நம் வாசலுக்கு அப்பால் நிற்பவரை நோக்கி நடக்கும் கால்களையும் இறைவன் நமக்கு அருள்வாராக.