குழிக்கணக்கும் முழுவர்க்கமும்: திருவரங்க நில அளவையை முன்வைத்து

மூன்று உறுப்புகள் கொண்ட ஒரு கோவையை ஈருறுப்பின் வர்க்கமாகக் காரணிப்படுத்தும் முறை, ஆங்கிலக் கல்வியோடு தமிழகத்திற்கு வந்ததாகவே பொதுவாகக் கருதப்படுகிறது. குறியீட்டு வடிவத்தைப் பொறுத்தவரை இது பொருந்தும். நாகப்பட்டினத்திலிருந்து 1883-இல் திருச்சிராப்பள்ளிக்கு இடம்பெயர்ந்த புனித வளனார் கல்லூரி போன்றவற்றின் வகுப்பறைகளில்தான் அவ்வடிவம் இங்கு வேரூன்றியது. ஆயினும் அவ்வடிவம் குறிக்கும் உறவு, காவிரிக்கும் கொள்ளிடத்திற்கும் இடைப்பட்ட நிலத்தில் அதற்கு வெகுகாலம் முன்பே நாள்தோறும் கையாளப்பட்டது.

திருவரங்கம் கோயிலில் அறுநூறுக்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. இவை தென்னிந்தியக் கல்வெட்டுகள் வரிசையின் 24-ஆம் தொகுதியாக வெளிவந்துள்ளன. சோழநாட்டு நிலக்கொடைகள் வேலி, மா, குழி என்னும் அளவுகளால் குறிக்கப்பட்டன. ஒரு கோல் நீளமும் ஒரு கோல் அகலமும் உடைய சதுரமே குழி. மாவுக்கு 100 குழி என்ற வழக்கும் 256 குழி என்ற வழக்கும் இருந்தன. பின்னது 16-இன் வர்க்கம் என்பது கருதத்தக்கது.

பக்கம் பதினாறரைக் கோல் உள்ள சதுர வயலை எடுத்துக்கொள்வோம். 16 கோல் சதுரம் 256 குழி. இரு ஓரங்களிலும் அரைக்கோல் அகலத்தில் நீளும் பட்டைகள் எட்டெட்டுக் குழி. மூலையில் கால் குழி. ஆகமொத்தம் 272¼ குழி. பட்டைகளை மறந்து இரு வர்க்கங்களை மட்டும் கூட்டினால் 16 குழி, அதாவது மாவில் ஒரு வீசம், கணக்கிலிருந்து மறையும். இயற்கணித மாணவர் இன்றும் தவறவிடும் நடு உறுப்பு, வயலில் கண்ணுக்குத் தெரியும் இரு பட்டைகளாகக் கிடக்கிறது.

எதிர்த்திசையிலும் இதுவே வழி. 272¼-இலிருந்து 256-ஐக் கழித்து, மிஞ்சும் 16¼-இல் 16-ஐ 16-இன் இருமடங்கான 32-ஆல் வகுத்தால் அரை. அரையின் வர்க்கம் எஞ்சிய காலைத் தீர்த்துவிடுகிறது. மீதமின்மையே முழுவர்க்கத்திற்கு அடையாளம். வர்க்கமூலத்தின் இருமடங்கால் வகுக்கும் இந்நெறியை 499-இல் இயற்றப்பட்ட ஆரியபடீயம் விதியாகவே தருகிறது.

கோலின் நீளம் மாறியபோது சிக்கல் கூர்மையடைந்தது. சோழர் காலத்தில் 16 சாண் கோலும் 18 சாண் கோலும் வழங்கின. பக்கம் 288 சாண் உள்ள வயல், நெடுங்கோலால் 256 குழி. குறுங்கோலால் 324 குழி. வேறுபாடாகிய 68 குழியில் 64 நடு உறுப்பால் வருவது, 4 மட்டுமே மூலைச்சதுரம். கோல் அரைக்கால் நீண்டால் குழியின் பரப்பு காலும் கால்வீசமும் கூடும். குழிக்கு இவ்வளவு என்று கடமை விதிக்கப்படும்போது எக்கோல் என்பது குடிகளின் நெல்லைத் தீர்மானிக்கும் கேள்வியாகிறது. கல்வெட்டுகள் பலவும் கோலின் பெயரையோ சாண் அளவையோ குறிப்பதன் காரணம் இதுவாகலாம்.

திண்ணைப் பள்ளிகளில் குழிமாற்று என்ற பெயரில் முழு எண்களின் வர்க்கங்களும் பின்னங்களின் வர்க்கங்களும் மனனம் செய்விக்கப்பட்டன. இதனை வெற்று உருப்போடல் என ஒதுக்குவது அவசர முடிவு. குழிமாற்று 16-க்கும் அரைக்கும் விடை தந்தது. இடைப்பட்ட பட்டைகளைச் சேர்ப்பது கணக்கரின் பொறுப்பாக இருந்திருக்க வேண்டும். கொறுக்கையூர்க் காரிநாயனாரின் கணக்கதிகாரத்தில் நிலவழிக் கணக்குகள் தனி இடம்பெறுவதையும் இத்துடன் இணைத்துப் பார்த்தல் தகும்.