சிங்கக்குட்டி சறுக்கிய கிறிஸ்துமஸ்

கேம் பாதியில் விழுந்தால் இன்று கிராபிக்ஸ் டிரைவரைத் திட்டுகிறோம். டாஸ் இயங்குதளத்தின் காலத்தில் அப்படித் திட்டுவதற்கு ஆள் கிடையாது. ஒவ்வொரு கேமும் திரையோடும் சவுண்டு கார்டோடும் தானே நேரில் பேசிக்கொண்டது. சிக்கல் வந்தால் சிடியை வாங்கியவர்தான் மெக்கானிக். சவுண்டு பிளாஸ்டர் கார்டு 220 என்ற முகவரியில் இருக்கிறதா, ஐஆர்கியூ என்ற அதன் குறுக்கீட்டு எண் 5-ஆ 7-ஆ என்று கேம் கேட்கும். தப்பாகச் சொன்னால் சத்தம் வராது. சில நேரம் மெஷினே உறைந்துபோகும். கணினியில் 4 எம்பி நினைவகம் இருந்தாலும் டாஸுக்கு முதல் 640 கேபிதான் கூடம். மவுஸின் டிரைவரும் சிடி டிரைவின் டிரைவரும் அங்கே முன்கூட்டியே பாய் விரித்துப் படுத்திருக்கும். கேமுக்குக் கால் நீட்ட இடம் இருக்காது. அதற்காகவே ஒவ்வொரு கேமுக்கும் தனி பூட் பிளாப்பி செய்து வைத்துக்கொண்டவர்கள் உண்டு.

இத்தனை பாடு இருந்தும் கேம் எழுதுபவர்கள் டாஸை விட்டு நகரவில்லை. 1993 டிசம்பரில் வந்த ‘டூம்’ அதில்தான் பறந்தது. அப்போதிருந்த விண்டோஸ் 3.1-ஓ எழுத்தையும் அட்டவணையையும் பொத்தானையும் வரைவதற்காகக் கட்டிய வீடு. திரையின் நினைவகத்தை எந்த நிரலும் நேரே தொட முடியாது. எல்லாம் விண்டோஸ் வழியாகத்தான் போகவேண்டும். நொடிக்கு இருபது, முப்பது படம் வரைய வேண்டிய கேமுக்கு அது ரேஷன் கடை வரிசை.

வரிசையைச் சற்றே குறுக்க மைக்ரோசாஃப்டில் கிறிஸ் ஹெக்கர் எழுதியது ‘விங்ஜி’. 1994-இல் வெளிவந்தது. நினைவகத்தில் வரைந்து முடித்த படத்தை வேகமாகத் திரைக்குத் தள்ளுவது அதன் வேலை. எந்த வழியில் தள்ளினால் வேகம் என்பது கிராபிக்ஸ் கார்டுக்குக் கார்டு, அதை இயக்கும் டிரைவருக்கு டிரைவர் மாறும். அதனால் முதல்முறை ஓடும்போது பல விதமாகத் தள்ளிப் பார்த்து, எது வேகமோ அதைக் குறித்துவைத்துக்கொள்ளும். கெட்டிக்கார ஏற்பாடு. ஆனால் அது யாரோ எழுதிய டிரைவரின் தோளில் நின்றது.

அந்த ஆண்டு ‘தி லயன் கிங்’ படம் ஓடிய ஓட்டத்தில், அதன் கதையை அசையும் படங்களோடு சொல்லும் சிடி ஒன்றை டிஸ்னி கிறிஸ்துமஸுக்குக் கடைக்கு அனுப்பியது. அது விங்ஜியை நம்பி எழுதப்பட்டது. அதே பருவத்தில் அமெரிக்க வீடுகளுக்குப் புதிதாகப் போன காம்பாக் பிரசாரியோ கணினிகளில் இருந்த திரை டிரைவரோ விங்ஜியோடு வைத்துச் சோதிக்கப்படாதது. பண்டிகைக் காலையில் பரிசைப் பிரித்த குழந்தைகள் சிடியைப் போட்டதும் சிங்கக்குட்டி வரவில்லை, கணினி விழுந்தது. டிஸ்னியின் உதவித் தொலைபேசிகள் ஓயாமல் அடித்தன.

யார் குற்றம்? சிடியை எழுதியவர்களைக் கேட்டால் விங்ஜியைக் காட்டலாம். விங்ஜி டிரைவரைக் காட்டலாம். வாங்கியவருக்கு அந்த வம்பெல்லாம் எதற்கு? அவர் டிஸ்னி பெயரைப் பார்த்துக் காசு கொடுத்தவர்.

மைக்ரோசாஃப்டுக்கு இது கெட்ட நேரத்தில் வந்த அவமானம். விண்டோஸ் 95 வரப்போகிறது. கேம் இல்லாமல் அது வீட்டுக்குள் நுழையாது. அலெக்ஸ் செயின்ட் ஜான், கிரெய்க் ஐஸ்லர், எரிக் எங்ஸ்ட்ராம் என்ற மூவர் வேலையில் இறங்கினார்கள். ஜப்பானிய கேம் பெட்டிகளை வீழ்த்தப்போகிறோம் என்று ‘மன்ஹாட்டன் திட்டம்’ என்று செல்லப்பெயரும் வைத்துக்கொண்டார்கள். அணுகுண்டு செய்த திட்டத்தின் பெயர் அது. ஹிரோஷிமாவை நினைத்தால் இதைவிடக் கேவலமான நகைச்சுவை கிடையாது.

அவர்கள் செய்ததில் எனக்குப் பிடித்தது அதன் இரண்டு அடுக்கு. திரை நினைவகத்தை கேம் நேரே தொட வழி திறந்தார்கள். ஆனால் என்ன செய்யலாம், எப்படிக் கேட்கலாம் என்பதற்கு ஒரே பேச்சுமொழியை வகுத்தார்கள். கேம் கேட்கும் வேலை கார்டுக்குத் தெரிந்தால் கார்டு செய்யும். தெரியாவிட்டால் பல வேலைகளை மென்பொருளே மெதுவாகச் செய்து கொடுக்கும். ஐஆர்கியூ எத்தனை என்று இனி கேம் கேட்கவேண்டியதில்லை. அந்தக் கவலை டிரைவர் எழுதுபவர் தலைக்குப் போனது.

திரைக்கு டைரக்ட்டிரா, ஒலிக்கு டைரக்ட்சவுண்ட், வலை ஆட்டத்துக்கு டைரக்ட்பிளே என்று வரிசையாகப் பெயர் வைத்தார்கள். இதைக் கிண்டல் செய்த ஒரு பத்திரிகையாளர், கடைசிச் சொல்லை எடுத்துவிட்டு ‘எக்ஸ்’ போட்டாராம். கிண்டலே பெயராக ஒட்டிக்கொண்டது: டைரக்ட்எக்ஸ். விண்டோஸ் 95 ஆகஸ்ட் 24-இல் கடைக்கு வந்தபோது இது தயாராகவில்லை. செப்டம்பர் 30-இல்தான் முதல் பதிப்பு வந்தது. நம்பாத கேம்காரர்களுக்குக் காட்ட, கேப் நியூவெல் தலைமையில் ‘டூம்’ விண்டோஸுக்குக் கொண்டுவரப்பட்டது. கையில் துப்பாக்கியோடு பில் கேட்ஸே டூம் ஆட்டத்துக்குள் வந்து நிற்கும் ஒரு விளம்பரப் படமும் உண்டு. நியூவெல் பிறகு வெளியேறி வால்வ் நிறுவனத்தைத் தொடங்கினார். 2001-இல் வந்த எக்ஸ்பாக்ஸின் பெயரில் இருக்கும் எக்ஸும் இந்த எக்ஸ்தான்.

விழுவது நின்றுவிட்டதா? அதெப்படி. தொடக்க நாட்களில் டைரக்ட்எக்ஸை நிறுவுவதே ஒரு வம்பு. அது பழைய டிரைவரை எடுத்துவிட்டுப் புதியதை வைக்கும். சில கணினிகளில் திரையே கெட்டுவிடும். பழையதைத் திரும்ப வைக்க ஒரு பொத்தானையும் சேர்த்தே தரவேண்டியிருந்தது. பதிப்பு எண்ணிலும் ஒரு சறுக்கல்: மூன்றுக்குப் பிறகு ஐந்து, நான்கு வெளிவரவே இல்லை. இன்னொரு வேலையும் நடந்தது. டிரைவர் கார்டை உறங்கவிட்டால் முழுக் கணினியும் சாகாமல் இருக்க, விண்டோஸ் விஸ்டாவிலிருந்து ஓர் ஏற்பாடு வந்தது: கார்டு 2 நொடி பதில் சொல்லாவிட்டால் விண்டோஸ் அதை மறுபடி எழுப்பும். திரை ஒரு கணம் கறுத்துத் திரும்பி வருகிறதே, அது இதுதான். கணினி பிழைக்கும், கேம் பெரும்பாலும் பிழைக்காது.

டைரக்ட்எக்ஸோடு வந்த ஒரு சோதனைக் கருவி இன்னும் விண்டோஸில் இருக்கிறது. விண்டோஸ் பொத்தானையும் ஆர் பொத்தானையும் சேர்த்து அழுத்தி, ‘டிஎக்ஸ்டயக்’ (dxdiag) என்று தட்டினால் திறக்கும். அடுத்த முறை கேம் விழுந்தால் அதில் டிஸ்ப்ளே பக்கத்துக்குப் போய் டிரைவரின் தேதியைப் பாருங்கள். மூன்று வருடம் பழையது என்றால், கேமை எழுதியவரைத் திட்டுவதைக் கொஞ்சம் தள்ளிப்போடுங்கள்.