அசாசின்ஸ் க்ரீட்: சிலுவைப் போரில் தொடங்கி ஜப்பான் நாடாளுமன்றம் வரை போன வீடியோ கேம்!

2025 மார்ச் 19. ஜப்பான் நாடாளுமன்ற மேலவையின் குழுக் கூட்டம் ஒன்றில், பிரதமர் ஷிகெரு இஷிபாவிடம் உறுப்பினர் ஒருவர் வித்தியாசமான பிரச்னையை எழுப்பினார். மறுநாள் ஒரு வீடியோ கேம் வெளியாகிறது. ஹிமேஜி நகரில் உண்மையிலேயே இருக்கும் ஒரு ஷின்டோ ஆலயத்துக்குள் புகுந்து, பொருட்களை அடித்து நொறுக்க அந்த கேம் இடம் கொடுக்கிறது. இதைப் பார்த்து நிஜத்திலும் யாராவது இறங்கிவிட்டால்?

ஆலயத்தைச் சேதப்படுத்துவதை ஏற்கவே முடியாது, சட்டப்படி என்ன செய்யலாம் என்று அமைச்சகங்களுடன் பேச வேண்டும் என்ற ரீதியில் பிரதமர் பதில் சொன்னார். கேம் நிறுவனமோ அதற்குள் வேலையை முடித்திருந்தது. வெளியீட்டு நாளிலேயே தந்த அப்டேட்டில், ஆலயங்களில் உள்ள மேசைகள், அடுக்குகளை உடைக்க முடியாதபடி மாற்றிவிட்டது.

அந்த கேம், 'அசாசின்ஸ் க்ரீட் ஷேடோஸ்'. பிரான்ஸைச் சேர்ந்த யுபிசாஃப்ட் நிறுவனம் 2007-ல் தொடங்கிய தொடரின் லேட்டஸ்ட் பெரிய பாகம். 2022 நிலவரப்படியே இந்தத் தொடர் 20 கோடிக்கும் மேல் விற்றிருந்தது. ஒரு கேமுக்காகப் பிரதமர் வாய் திறக்க வேண்டிய அளவுக்கு இது எப்படி வளர்ந்தது?

சரி, கதைதான் என்ன?

ஒரே வரியில் சொன்னால், இரண்டு ரகசியக் கூட்டங்களின் பல நூற்றாண்டுப் பகை. மனிதர்கள் சுதந்திரமாக இருக்க வேண்டும் என்பது அசாசின்கள் தரப்பு. மனிதர்களைக் கட்டுப்படுத்தினால்தான் உலகில் அமைதி வரும் என்பது டெம்ப்ளர்கள் தரப்பு. இன்றைய காலத்தில் வாழும் ஒருவரை 'அனிமஸ்' என்ற இயந்திரத்தில் படுக்க வைத்து, டி.என்.ஏ-வில் பதிந்திருக்கும் முன்னோர்களின் நினைவுகளைத் திரும்ப வாழ வைப்பார்கள்.

கேட்க கொஞ்சம் ஓவராகத்தான் இருக்கும். ஆனால் இந்த ஒரு ஐடியாதான் தொடரின் மூலதனம். இயந்திரம் ஒன்றுதான், ஆளை மாற்றினால் போதும். எந்த நூற்றாண்டுக்கும் எந்த நாட்டுக்கும் கதையைக் கொண்டு போய்விடலாம்.

இளவரசனை ஓரங்கட்டிய காவலன்

முதலில் இப்படி ஒரு தொடரே திட்டத்தில் இல்லை. 2003-ல் 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: தி சேண்ட்ஸ் ஆஃப் டைம்' நல்ல பெயர் வாங்கியதும், அதற்கு அடுத்த கேமை உருவாக்கும் பொறுப்பு மாண்ட்ரியல் ஸ்டுடியோவில் இருந்த பத்ரீஸ் தேசிலேயிடம் வந்தது. இளவரசன் என்றால் அரியணைக்காகக் காத்திருப்பவன். அவனிடம் பெரிதாக என்ன சாகசம் இருக்கும் என்று யோசித்தவர், இளவரசனைக் காக்கும் கொலையாளியைக் கதாநாயகன் ஆக்கினார். கடைசியில் இளவரசனே கதையை விட்டுப் போக, கேமுக்குப் புதுப் பெயர் கிடைத்தது.

இதற்குத் தூண்டுகோலாக இருந்தது ஸ்லோவேனிய எழுத்தாளர் விளாடிமிர் பார்டோல் 1938-ல் எழுதிய 'அலமுத்' நாவல். 1090-ல் ஹசன்-இ-சபா என்பவர் கைப்பற்றிய பாரசீக மலைக்கோட்டையின் பெயர் அது. அங்கிருந்து இயங்கிய நிஸாரி இஸ்மாயிலிகள், தங்களைவிடப் பலமான எதிரிகளைச் சமாளிக்க, படை எடுப்பதற்குப் பதிலாகத் தலைவர்களைக் குறிவைத்துக் கொன்றார்கள். 1256-ல் மங்கோலியர்கள் கோட்டையை வீழ்த்தினர். அந்தச் சமூகம் அதோடு அழிந்துவிடவில்லை. இன்று ஆகா கானைத் தலைவராக ஏற்கும் இஸ்மாயிலிகள் அந்த மரபில் வந்தவர்கள்தான். அவர்கள் போதை மருந்து தின்றுவிட்டுக் கொலை செய்தார்கள் என்ற கதையை, எதிரிகள் கட்டிவிட்ட புரளி என்றே ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள்.

முதல் கேம் நடப்பது 1191-ல், மூன்றாம் சிலுவைப் போர்க் காலம். ஊர்கள் ஜெருசலேம், டமாஸ்கஸ், ஏக்கர். நாயகன் அல்தயிர் கற்பனைப் பாத்திரம். ஆனால் அவன் கொல்ல வேண்டிய ஒன்பது பேரில் சிலர் உண்மையில் வாழ்ந்தவர்கள்; டெம்ப்ளர்களின் தலைவராக இருந்த ராபர்ட் டி சாப்லே அவர்களில் ஒருவர். 2001 தாக்குதலுக்குப் பிறகான உலகில், ஈராக் போர் நடந்துகொண்டிருந்த நேரத்தில், ஜெருசலேமை வைத்து, ஒரு அரபு நாயகனை வைத்து கேம் எடுப்பது சின்ன ரிஸ்க் இல்லை. பல மத நம்பிக்கைகள் கொண்டவர்கள் சேர்ந்து உருவாக்கிய கற்பனை இது என்ற அறிவிப்பு கேமின் தொடக்கத்திலேயே வரும்.

கேமாகப் பார்த்தால் முதல் பாகத்தில் குறை நிறைய. ஒட்டுக் கேள், பிக்பாக்கெட் அடி, ஒருவனை அடித்து உண்மையை வாங்கு, பிறகு கொலை செய். இதையே ஒன்பது முறை செய்ய வேண்டியிருந்தது. ஆனாலும் கோபுர உச்சியில் ஏறி நின்று மொத்த நகரத்தையும் பார்ப்பது, அங்கிருந்து வைக்கோல் வண்டியில் குதிப்பது, கொலை முடிந்ததும் கூட்டத்தோடு கூட்டமாகக் கலந்து மறைவது... இதெல்லாம் அன்று புதுசு.

இத்தாலியில் கிடைத்த வாழ்வு

2009-ல் வந்த இரண்டாம் பாகம்தான் தொடரை நிலைநிறுத்தியது. 15-ம் நூற்றாண்டு ஃபுளோரன்ஸ், வெனிஸ். நாயகன் எட்சியோ, பணக்கார வீட்டுப் பிள்ளை. அப்பாவும் சகோதரர்களும் தூக்கிலிடப்பட்ட பிறகு பழிவாங்கக் கிளம்புகிறான். அவனுக்கு ஆயுதம் செய்து தரும் நண்பர் யார் தெரியுமா? லியோனார்டோ டாவின்சி! டாவின்சி வரைந்த பறக்கும் இயந்திரத்தில் ஏறி வெனிஸ் மேல் பறக்கும் காட்சியைப் பலர் இன்னும் மறக்கவில்லை. கிளைமாக்ஸில் போப் ஆறாம் அலெக்சாண்டருடன் வாட்டிகனில் கைகலப்பு. அதை எந்தப் பாடப்புத்தகத்திலும் தேட வேண்டாம்.

எட்சியோவை வைத்தே 2010-ல் ரோம், 2011-ல் கான்ஸ்டான்டிநோபிள் என இரண்டு கேம்கள். 2012-ல் மூன்றாம் பாகம் அமெரிக்கப் புரட்சிக்குத் தாவியது. அதன் நாயகன் பாதி மோஹாக் பழங்குடி. அவன் ஊர் மக்களோடு பேசுவது மோஹாக் மொழியிலேயே. 2013-ல் 'பிளாக் ஃப்ளாக்', கரீபியன் கடற்கொள்ளையர்கள். அசாசின் கதையே அதில் ஊறுகாய் மாதிரி. கப்பலும் பீரங்கியும் மாலுமிகளின் பாட்டும்தான் சாப்பாடு. ரசிகர்களுக்கு அது பிடித்துப் போனது வேறு கதை.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். 2009 முதல் வருடம் தவறாமல் ஒரு பாகம். ஒரு நகரத்தைக் கட்டி முடிக்கும் முன் அடுத்த நகரத்துக்குத் தேதி குறித்தாகிவிடும். இப்படி ஓடினால் எங்காவது தடுக்கி விழ வேண்டியதுதானே?

பாரிஸில் சறுக்கல்

விழுந்த இடம், 2014 நவம்பரில் வந்த 'யூனிட்டி'. களம் பிரெஞ்சுப் புரட்சி. தெருவில் ஆயிரக்கணக்கில் கூட்டம், உள்ளே நுழைந்து பார்க்கக்கூடிய கட்டடங்கள் என்று லட்சியம் பெரிசு. வெளியானதும் நடந்தது வேறு. கதாபாத்திரங்களின் முகத்தில் தோலே இல்லாமல் கண்ணும் பல்லும் மட்டும் அந்தரத்தில் மிதந்தன. அந்தப் படங்கள் இணையமெங்கும் மீம் ஆயின. போதாததற்கு, அமெரிக்காவில் விற்பனை தொடங்கி மணிக்கணக்கான பிறகுதான் விமர்சனங்களை வெளியிட அனுமதித்திருந்தார்கள். வாங்கியவர்கள் ஏமாற்றப்பட்டதாகக் கொதித்தார்கள்.

யுபிசாஃப்ட் மன்னிப்புக் கேட்டது. கூடுதல் அத்தியாயத்தை எல்லோருக்கும் இலவசமாகத் தந்தது. அதே ஆண்டு இன்னொரு சர்ச்சையும் ஓடியது. சேர்ந்து விளையாடும் பகுதியில் பெண் பாத்திரம் ஏன் இல்லை என்று கேட்டபோது, அனிமேஷன் வேலை இரட்டிப்பாகும் என்ற பதில் வந்தது. அதை யாரும் ரசிக்கவில்லை.

ஆனால் அதே யூனிட்டியில்தான் நோத்ர தாம் தேவாலயம் இருந்தது. கரோலின் மியூஸ் என்ற கலைஞர் ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் அந்த ஒரு கட்டடத்துக்காகவே உழைத்தார். 2019 ஏப்ரலில் நிஜ தேவாலயம் தீப்பிடித்ததும் இந்த கேம் திடீரென்று செய்தியானது. நிறுவனம் மறுசீரமைப்புக்கு 5 லட்சம் யூரோ கொடுத்ததோடு, கம்ப்யூட்டரில் விளையாடுவோருக்கு யூனிட்டியை ஒரு வாரம் இலவசமாக வழங்கியது.

கேமை வைத்தே தேவாலயத்தைத் திரும்பக் கட்டப் போகிறார்கள் என்ற செய்தி நம் வாட்ஸ்அப் வரைக்கும் சுற்றியது. அது உண்மை இல்லை. நிபுணர்களிடம் இருந்தது வரலாற்றாசிரியர் ஆண்ட்ரூ டாலன் லேசர் கருவியால் எடுத்து வைத்த துல்லியமான அளவுகள். கேமில் உள்ள தேவாலயம் விளையாட்டுக்கு ஏற்ப மாற்றப்பட்டது. அதில் இருக்கும் கூர்கோபுரமே 19-ம் நூற்றாண்டில் எழுப்பப்பட்டது. புரட்சிக் காலத்தில் அது கிடையாது! ஆனாலும் அது இல்லாமல் காட்டினால் 'இது நோத்ர தாமா?' என்று ஆட்கள் கேட்பார்களே. உண்மையா, மக்கள் மனதில் உள்ள படமா என்று வந்தால் இந்தத் தொடர் எதைத் தேர்வு செய்யும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் இல்லை.

2015-ல் விக்டோரியா காலத்து லண்டனில் 'சிண்டிகேட்' வந்தது. இரட்டையர்களில் ஒருவராக ஈவி ஃப்ரை என்ற பெண் நாயகி. கேம் நன்றாகவே இருந்தும், யூனிட்டியின் கெட்ட பெயர் தொடக்க விற்பனையைப் பாதித்ததாக நிறுவனமே ஒப்புக்கொண்டது. 2016-ல் பெரிய பாகம் எதுவும் வராது என்று அறிவித்து மூச்சு வாங்கியது.

எகிப்தில் மறுபிறவி

அந்த இடைவெளி நல்லதாகப் போயிற்று. 2017-ல் 'ஆரிஜின்ஸ்'. களம் கிளியோபாட்ரா காலத்து எகிப்து. பிரமிடுகள், நைல் நதி, அலெக்சாண்ட்ரியா. கூடவே ஆட்டத்தின் அடிப்படையும் மாறியது. முன்பு சத்தமில்லாமல் பின்னால் போய் ஒரே குத்தில் ஆளை முடித்துவிடலாம். இனி எதிரிக்கும் லெவல் உண்டு, உங்களுக்கும் லெவல் உண்டு. ஆயுதத்தை மேம்படுத்தாமல் போனால் அடிதான். அதாவது ஆர்.பி.ஜி. வகைக்குத் தொடர் மாறிவிட்டது.

2018-ல் 'ஒடிசி', கி.மு. 431-ல் ஏதென்ஸ் - ஸ்பார்ட்டா போர். கசாண்ட்ரா, அலெக்சியோஸ் இருவரில் யாராக விளையாடுவது என்பது நம் கையில். 2020-ல் 'வல்ஹல்லா', 9-ம் நூற்றாண்டு இங்கிலாந்தில் வைக்கிங்குகள். விற்பனை பின்னி எடுத்தது. ஆனால் கதையை மட்டும் முடிக்கவே சுமார் 60 மணி நேரம் ஆனது. கோடாரியோடு கோட்டைக் கதவை உடைத்து நுழையும் வைக்கிங், எந்தக் கூட்டத்தில் போய் ஒளிவான்? பழைய ரசிகர்களின் கேள்வி நியாயமானது. 2023-ல் பாக்தாத்தில் நடக்கும் 'மிராஜ்' அதற்கான பதில். சின்ன நகரம், பதுங்கல், குறைந்த விலை.

ஜப்பானும் யாசுகே சர்ச்சையும்

ஜப்பானில் எப்போது என்று ரசிகர்கள் ஆண்டுக்கணக்கில் கேட்டுக்கொண்டிருந்தார்கள். 'ஷேடோஸ்' அந்த ஆசையை நிறைவேற்றியது. 1579-ல் தொடங்கும் கதையில் இரண்டு பேர். நாவோயே, இகா பகுதியைச் சேர்ந்த கற்பனையான நிஞ்சா பெண். யாசுகே, போர்வீரன். பதுங்குவது அவள் வேலை, மோதுவது அவன் வேலை. பல ஆண்டுகளாகத் தொடருக்குள் நடந்த சண்டையை இரண்டு உடம்புகளாகப் பிரித்துவிட்டார்கள் என்றே சொல்லலாம்.

யாசுகே கற்பனை இல்லை. 1579-ல் யேசு சபைப் பாதிரியார் வலிஞ்ஞானோவுடன் ஜப்பான் வந்த ஆப்பிரிக்கர். 1581-ல் ஓடா நோபுநாகாவைச் சந்தித்து, 1582-ல் நோபுநாகா இறக்கும் வரை அவரிடம் பணியில் இருந்தார். அவருக்குச் சன்மானமும் வாளும் கிடைத்ததாகக் குறிப்புகள் உண்டு. அவர் முறையான சாமுராயா என்பதில்தான் விவாதம். ஆனால் இணையத்தில் நடந்தது அந்த விவாதம் அல்ல. ஜப்பான் கதையில் கறுப்பின நாயகனா என்ற கூச்சலே அதிகம்.

அதற்காக எல்லாப் புகாரையும் இனவெறி என்று தள்ளிவிடவும் முடியாது. ஒரு வரலாற்று மறுநடிப்புக் குழுவின் கொடியை அனுமதி வாங்காமல் விளம்பர ஓவியத்தில் பயன்படுத்தியதற்கு நிறுவனமே மன்னிப்புக் கேட்டது. 2024 ஜூலையில், ஜப்பானியர்களின் மனம் புண்பட்டிருந்தால் வருந்துவதாகத் தனி அறிக்கையும் வந்தது. ஆலய விவகாரம் கடைசியாக வந்து சேர்ந்தது.

யுபிசாஃப்டுக்கு இது வாழ்வா சாவா நேரம். 2024 செப்டம்பரில் பங்கு விலை பத்தாண்டுகளில் இல்லாத அளவுக்குச் சரிந்தது. ஷேடோஸ் இரண்டு முறை தள்ளிப்போய் 2025 மார்ச் 20-ல் வெளியானது. ஒரே வாரத்தில் 30 லட்சம் பேர் விளையாடினார்கள். அதே வாரத்தில், மார்ச் 27-ல் அடுத்த அறிவிப்பு. அசாசின்ஸ் க்ரீட், ஃபார் க்ரை, ரெயின்போ சிக்ஸ் மூன்றையும் தனி நிறுவனமாகப் பிரித்து, அதில் சுமார் 25% பங்கை சீனாவின் டென்சென்ட்டுக்கு 116 கோடி யூரோவுக்குத் தர ஒப்பந்தம்.

இந்தியா எங்கே?

முழுநீளப் பாகம் எதுவும் இந்தியாவில் நடக்கவில்லை. 2016-ல் வந்த 'க்ரோனிக்கிள்ஸ்: இந்தியா' பக்கவாட்டில் ஓடும் சின்ன கேம், 1841-ல் சீக்கியப் பேரரசுக் காலத்தில் அர்பாஸ் மீர் என்ற அசாசினின் கதை. லண்டன் கதையான சிண்டிகேட்டில் மகாராஜா துலீப் சிங் ஒரு பாத்திரமாக வருகிறார். சிறுவனாக இருந்தபோது பஞ்சாபையும் கோஹினூரையும் ஆங்கிலேயரிடம் இழந்த அதே துலீப் சிங்.

புதிதாக விளையாட நினைப்பவர்களுக்கு

கதைக்காக என்றால் இரண்டாம் பாகம். நேரம் குறைவு என்றால் மிராஜ். அது 2024 ஜூன் முதல் ஐபோனிலும் கிடைக்கிறது, ஆனால் 15 ப்ரோ அல்லது அதற்குப் பிறகு வந்த சக்தி வாய்ந்த மாடல் வேண்டும். கேமே வேண்டாம், வரலாறு போதும் என்பவர்களுக்கும் ஒரு வழி இருக்கிறது. ஆரிஜின்ஸில் 2018-ல் சேர்த்த 'டிஸ்கவரி டூர்'. சண்டை கிடையாது, ரத்தம் கிடையாது. பண்டைய எகிப்தை நடந்தே சுற்றிப் பார்க்க 75 சுற்றுலாக்கள். பிரமிடு கட்டியது எப்படி, மம்மி செய்தது எப்படி என்று பின்னணிக் குரல் சொல்லிக்கொண்டே வரும். பள்ளிக் குழந்தைகளும் பார்ப்பார்கள் என்பதால், நிர்வாணச் சிலைகளின் மேல் மட்டும் கிளிஞ்சல்களை ஒட்டி மறைத்திருக்கிறார்கள்.